மதுரை வட்டார முஸ்லிம்களின் ஆட்பெயர்கள் – ஒரு நோக்கு

“உன் பெயர் என்ன?” என்னும் எளிய வினாவுக்கு மதுரை வட்டாரத்து முஸ்லிம் மாணவர் பலர் இன்று ஒன்றுக்கு மேற்பட்ட விடைகளை வைத்திருக்கின்றனர். வீட்டில் மைதீன், பள்ளிச் சான்றிதழில் முகமது முகைதீன், ஆதார் அட்டையில் மொஹிதீன், கடவுச்சீட்டிலோ தந்தையார் பெயரும் உடன் சேர்ந்து வேறொருவர் போலத் தோன்றும் ஒரு பெயர். எழுத்துக்கூட்டல் ஒன்று மாறினாலும் உதவித்தொகை தடைப்படுகிறது. வங்கிக் கணக்கு தொடங்க இயலாமற் போகிறது. அயல்நாட்டுப் பணி கைநழுவுகிறது. இதில் அலுவலகங்களின் பங்கு உண்டு. ஆயினும் நம் பெயர்கள் எவ்வாறு அமைந்தவை என்பதை நாமே மறந்துவிட்டமையும் ஒரு காரணமாகும். அவ்வமைப்பை ஈண்டு நோக்குவோம்.

அரபு மரபில் ஒருவரின் முழுப்பெயர் பல உறுப்புகள் கொண்ட ஒரு தொடராகும். பிறந்தபோது இடுவது இஸ்ம். ‘இன்னாரின் தந்தை’, ‘இன்னாரின் தாய்’ என மக்களைச் சார்த்தி வழங்குவது குன்யா. அபூபக்கர், உம்மு ஸலமா என்பன இவ்வகையின. ‘இப்னு’, ‘பின்த்’ என்னும் சொற்களால் தந்தை வழியைக் காட்டுவது நஸப். சிறப்பு நோக்கி அமைவது லகப். ஊரையோ குலத்தையோ சுட்டுவது நிஸ்பா. இவற்றுள் எதுவும் மேலைநாட்டார் கருதும் குடும்பப் பெயர் அன்று. தலைமுறை தலைமுறையாக மாறாது ஒட்டிவரும் ஒரு சொல் வேண்டும் என்னும் கருத்தே இம்மரபுக்குப் புதிது.

இவ்வுறுப்புகள் நம் மண்ணில் எவ்வாறு சிதறி விழுந்தன என்பதற்கு ஒரே மாமனிதரின் பெயர் போதும். பக்தாதில் வாழ்ந்து 1166இல் மறைந்த ஞானியார் முஹ்யித்தீன் அப்துல் காதிர் ஜீலானி அவர்களின் இயற்பெயர் அப்துல் காதிர். ‘ஆற்றலுடையோனின் அடியான்’ என்பது பொருள். ‘மார்க்கத்தை உயிர்ப்பித்தவர்’ எனப் பொருள்படும் முஹ்யித்தீன் என்பது அவர்தம் லகப். ஜீலான் என்னும் நாட்டைச் சுட்டும் ஜீலானி என்பது நிஸ்பா. தமிழகத்திலோ இம்மூன்றும் தனித்தனி ஆட்பெயர்களாயின. ஒரே தெருவில் ஒருவர் காதர், இன்னொருவர் மைதீன், மூன்றாமவர் ஜெய்லானி. மூவருக்கும் பெயர் தந்தவர் ஒருவரே என்பதை அம்மூவரும் அறிவாரோ, யாம் அறியோம். ‘காதர் மைதீன்’ என இரண்டையும் சேர்த்து இட்ட பெற்றோர் அறிந்தே இட்டனர் எனலாம்.

நிஸ்பாவுக்கு மதுரை வரலாற்றிலேயே சான்று உண்டு. ஏறத்தாழ 1335 முதல் 1378 வரை நிலவிய மதுரைச் சுல்தானியத்தில், மொராக்கோ நாட்டுப் பயணி இப்னு பதூதா இங்கு வந்தபோது ஆட்சியில் இருந்தவர் கியாசுத்தீன் தாமகானி. தாமகான் என்பது ஈரான் நாட்டிலுள்ள ஓர் ஊர். நம்மவர் ஊர்ப்பெயரின் முதலெழுத்தைத் தந்தை பெயரின் முதலெழுத்துக்கும் முன்னே வைப்பதும், அவர்கள் ஊர்ப்பெயரை இறுதியில் வைப்பதும் ஒரே நோக்கத்தின் இருவேறு வடிவங்களே.

அடுத்து நாம் சற்று நின்று காணவேண்டியது ‘அப்துல்’ என்னும் சொல்லாகும். அப்து என்றால் அடியான். அல் என்பது அரபு மொழியின் சுட்டிடைச்சொல். இரண்டும் புணர்ந்து ‘அப்துல்’ என நிற்கும்; அடுத்துவரும் இறைத்திருநாமத்தோடு சேர்ந்தால்தான் பொருள் நிறைவுறும். அரபு எழுத்துகள் இருபத்தெட்டனுள் பதினான்கைச் சூரிய எழுத்துகள் என்பர். அவற்றின் முன் ‘அல்’ என்பதன் லகரம் அவ்வெழுத்தாகவே திரியும். எனவேதான் அப்துர் ரஹ்மான், அப்துஸ் ஸலாம், அப்துஷ் ஷகூர் என வருகின்றன. ஏனைய எழுத்துகளின் முன் லகரம் திரியாது. அப்துல் கரீம், அப்துல் ஜப்பார், அப்துல் கனி என இயல்பாகும். புணர்ச்சி விதி பயின்ற தமிழ் மாணவர்க்கு இது விளங்காத ஒன்றன்று. (அப்துல் கனியில் உள்ள கனி பழமன்று, ‘தேவையற்றவன்’ எனப் பொருள்படும் இறைத்திருநாமம்.)

இப்பெயரைப் படிவம் இரண்டாக வெட்டுகிறது. ‘அப்துல்’ முதற்பெயர், ‘ரஹ்மான்’ குடும்பப் பெயர். முன்னதைத் தனியே விளித்தால் ‘…இன் அடியான்’ என்று தொங்கி நிற்கிறது. பின்னதைத் தனியே விளித்தால் நேர்வது இன்னும் பெரிது. ரஹ்மான் என்பது இறைவனுக்கே உரிய பெயர். அதனை மனிதர்க்குத் தனித்து வழங்குதல் கூடாதென்பது மார்க்க அறிஞர் கருத்து. கரீம், ரஹீம், ரஷீத் போன்றன மனிதர்க்கும் பொருந்தும் பண்புச் சொற்களாதலின் அவற்றில் அத்துணைக் கடுமை இல்லை. அயல்நாட்டு அலுவலகத்தில் ‘திரு. ரஹ்மான்’ என்று விளிக்கப்படும் நம் இளைஞர் மறுமொழி தரத் தயங்குவது வெறும் கூச்சத்தினால் அன்று. அப்துல்லாஹ், அப்துர் ரஹ்மான் ஆகிய பெயர்களே இறைவனுக்கு மிக உவப்பானவை என நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் மொழிந்ததாக வரும் செய்தி ஹதீஸ் நூல்களில் உள்ளது. அவ்வளவு விரும்பி இட்ட பெயரைப் படிவத்தின் இரு கட்டங்களுக்காகப் பிளப்பது முறையாகாது. இரு சொற்களையும் ஒரே கட்டத்தில், இயலுமாயின் இடைவெளியின்றி எழுதுவதே தக்கது.

தமிழ்ச்செவி ஏற்ற வடிவங்கள்

அரபு, பாரசீகப் பெயர்கள் தமிழ்நாட்டில் நுழைந்தபோது தமிழின் ஒலியமைதிக்குப் பணிந்தன. வல்லின மெய் தமிழ்ச் சொல்லுக்கு ஈறாகாது. ஆகவே அஹ்மத் என்பது அகமது ஆயிற்று. முஹம்மத் முகமது ஆயிற்று. ஹமீத், சையித், தாவூத் ஆகியன ஹமீது, சையது, தாவூது என உகரம் பெற்றன. இலக்கணப்படி இவை உயிர்த்தொடர்க் குற்றியலுகரங்கள். ரகரமும் லகரமும் சொல்லுக்கு முதலாகா. அதனால் இராவுத்தர், இலெப்பை என எழுதினர். ஃபாத்திமா என்பதன் முதலொலி தமிழில் இன்மையால் பாத்திமா ஆனார். ரகர ஒற்று தமிழில் ஈறாக நிற்கக்கூடியதே. எனினும் உமர் என்னும் பெயர் உமறு என்றே நிலைத்தது. சீறாப்புராணம் தந்த உமறுப்புலவரை இன்று யாரேனும் ‘உமர்ப்புலவர்’ எனத் திருத்தி எழுதத் துணிவரோ? அவரை ஆதரித்த கீழக்கரை வள்ளல் ஷெய்க் அப்துல் காதிர், தமிழுலகில் சீதக்காதி. செய்கு, காதிறு என்னும் இரண்டும் உருகி ஒன்றாகிய அப்பெயரில் அரபு மொழியின் அடையாளத்தைத் தேடித்தான் காணவேண்டும். 1572இல் மதுரையில் அரங்கேறியதாகக் கூறப்படும் ஆயிர மசலா நூலின் ஆசிரியர் வண்ணப்பரிமளப் புலவரின் இயற்பெயரும் செய்கு இசுகாக்கு என்றே வழங்குகிறது. இசுஹாக் எனத் திருத்தம் செய்யும் எண்ணம் அக்காலத்தார்க்கு எழவில்லை.

தமிழ் மரியாதை விகுதியும் இப்பெயர்களோடு கலந்தது. அலி அலியாரானார், ஹசன் அசனாரானார். நீதி வழங்கிய காஜிகள் வாழ்ந்த தெரு ‘மார்’ என்னும் பலர்பால் விகுதியேற்றுக் காஜிமார் தெருவாயிற்று. மதுரையில் வைகையின் வடகரையிலுள்ள கோரிப்பாளையம், அடக்கத்தலம் எனப் பொருள்படும் ‘கோர்’ என்னும் பாரசீகச் சொல்லோடு நம் பாளையம் சேர்ந்தது என்பர். கோரி மரபினரைச் சுட்டுவதெனக் கொள்வாரும் உளர். 1764 அக்டோபர் 15ஆம் நாள் மதுரையில் தூக்கிலிடப்பட்ட யூசுப்கான், மக்கள் வாயில் கான்சாகிப். மதுரையின் கான்சா மேட்டுத் தெருவிலும் வத்திராயிருப்பை அடுத்த கான்சாபுரத்திலும் அப்பெயர் மேலும் தேய்ந்து ‘கான்சா’ என நிற்கிறது.

பெயருக்கு ஊற்றாக அமைந்தவை தர்காக்களும் ஆகும். நாகூர் ஆண்டகையின் நினைவாக ஷாகுல் ஹமீது, மீரான், நாகூர் மீரான், நாகூர் கனி என்னும் பெயர்கள் பாண்டிநாடெங்கும் பரவின. ‘மீர்’ என்பதன் பாரசீகப் பன்மை மீரான். ஒருவரைப் பன்மையால் உயர்த்துவது நமக்கும் பழகிய நெறியே. சிந்தா மதார் என்னும் பெயரைக் கேட்போர் ‘சிந்தை’ என்னும் சொல்லை நினைப்பர். உண்மையில் அது ஜிந்தா மதார். உத்தரப் பிரதேசத்து மக்கன்பூரில் அடக்கம் பெற்றுள்ள ஷா மதார் அவர்களை ‘வாழும் மதார்’ என்று போற்றும் பாரசீகத் தொடர். திருப்பரங்குன்ற மலைமேலுள்ள தர்காவால் மதுரையில் சிக்கந்தர் என்னும் பெயர் பெருவழக்காயிற்று. கிரேக்கத்து அலெக்சாந்தரின் பெயரில் முதலிலுள்ள ‘அல்’ என்பதைத் தம் மொழியின் சுட்டிடைச்சொல்லாகக் கருதிய அரபியர் அதனைப் பிரித்து இஸ்கந்தர் என்றனர். பாரசீகர் சிக்கந்தர் என்றனர். ஒரு யவனப் பெயர் இவ்வளவு தொலைவு நடந்து வைகைக் கரையில் குடியேறியுள்ளது.

நபிமார்களின் பெயர்களோ பிற சமயத்தாருக்கும் உறவானவை. யூசுப் என்பவரே கத்தோலிக்கரின் சூசை. சீர்திருத்தச் சபையாரின் யோசேப்பு. யாக்கூபு என்னும் பெயரே மேலைக் கடல் சுற்றி வந்து சந்தியாகு ஆயிற்று. யஹ்யா, யோவான், அருளப்பர் மூன்றும் ஒரே பெயரின் வடிவங்கள்.

ராவுத்தரும் பிறரும்

மதுரை, தேனி, திண்டுக்கல் சமவெளிகளில் பெயரின் பின் மிகுதியாக வழங்கிய பட்டம் ராவுத்தர் என்பதாகும். ‘ராஜபுத்திர’ என்னும் வடசொல் பிராகிருதத்தில் திரிந்து, குதிரைவீரன் என்னும் பொருளில் தென்மொழிகளுக்கு வந்தது. கன்னடத்திலும் தெலுங்கிலும் மராத்தியிலும் இதன் உடன்பிறப்புகள் உண்டு. அருணகிரிநாதர் மயில்மேல் வரும் முருகப்பெருமானை இராவுத்தன் என்றே விளித்துள்ளார். வட தமிழ்நாட்டுத் திரௌபதியம்மன் கோயில்களில் முத்தால் ராவுத்தன் காவல் நிற்கிறான். இச்சொல் சமயத்தைக் குறிக்கப் பிறந்ததன்று; குதிரையைக் குறிக்கப் பிறந்தது. அரபு நாட்டுக் குதிரைகள் பாண்டியர் துறைமுகங்களில் வந்திறங்கிய காலத்தில், குதிரை அறிந்தோரும் குதிரைப் படையினரும் பெருமளவு முஸ்லிம்களாக இருந்தமையால் பட்டம் அவர்களோடு தங்கிற்று எனக் கருத இடமுண்டு.

கடற்கரையாரின் பட்டமான மரைக்காயர் என்பதை மரக்கலத்தோடு இணைப்பர். கப்பல் எனப் பொருள்படும் ‘மர்கப்’ என்னும் அரபுச் சொல்லோடு இணைப்பாரும் உளர். லெப்பை என்பதற்கு, ‘இதோ வந்தேன்’ எனப் பொருள்படும் ‘லப்பைக்’ என்பதைக் காட்டுவர். ஆங்கிலேயர் எடுத்த மக்கள்தொகைக் கணக்குகளில் இப்பெயர் தமிழ் பேசும் முஸ்லிம்கள் பெரும்பாலோர்க்கும் பொதுவாயிற்று. ஊர்களிலோ பள்ளிவாசற் பணியாற்றிச் சிறார்க்குக் குர்ஆன் ஓதக் கற்பிப்பவரே லெப்பை. இன்றைய தமிழக அரசின் பிற்படுத்தப்பட்ட முஸ்லிம் பட்டியலில் உள்ள ஏழு பிரிவுகளுள் ராவுத்தரும் மரைக்காயரும் லெப்பை என்பதனுள்ளேயே அடக்கம். 2007 முதல் வழங்கும் மூன்றரை விழுக்காட்டு இடஒதுக்கீட்டுக்கு விண்ணப்பிக்கும் மாணவர், வீட்டில் ராவுத்தராயினும் சான்றிதழில் லெப்பையாவது இதனால்தான்.

பெயரின் பின் பட்டம் எழுதும் வழக்கம் பெரிதும் மறைந்துவிட்டது. 1929இல் செங்கற்பட்டில் கூடிய சுயமரியாதை மாநாடு சாதிப் பட்டங்களைத் துறக்கத் தீர்மானித்த பின், தமிழகத்தில் வேரூன்றிய பொதுப்போக்கின் பகுதியே இது. அப்போக்கு நன்றே. ஆயின் அதன் விளைவாக நம்மிடம் குடும்பப் பெயர் என்று எழுதத்தக்க ஒன்றும் எஞ்சவில்லை. எஞ்சியது முன்னெழுத்து ஒன்றே.

முன்னெழுத்தும் கடவுச்சீட்டும்

முன்னெழுத்து என்பது நஸபின் தமிழ் வடிவம் எனல் மிகையாகாது. வளர்ப்பு மக்களையும் அவரவர் தந்தையர் பெயராலேயே அழைக்குமாறு அல்குர்ஆனின் 33ஆம் அத்தியாயம் 5ஆம் வசனம் பணிக்கிறது. மலேசியாவில் தமிழ் முஸ்லிம்கள் ‘பின்’, ‘பிந்தி’ என இடையிலிட்டு எழுதுவதை நாம் ஓர் எழுத்தாலும் ஒரு புள்ளியாலும் சுருக்கிக்கொண்டோம். முன்னாள் குடியரசுத் தலைவர் ஆ. ப. ஜை. அப்துல் கலாம் அவர்களின் பெயரில் ஆவுல், பக்கீர் என்னும் முன்னோர் இருவரும் தந்தையார் ஜைனுலாப்தீனும் எழுத்துகளாய் நிற்கின்றனர். ஒரு குடும்பத்தின் நான்கு தலைமுறைகளை ஒரு வரிக்குள் அடக்கிய பெயர் அது.

இச்சுருக்கம் ஊருக்குள் செல்லும். விமான நிலையத்தில் செல்லாது. 2022 நவம்பர் 21ஆம் நாள் முதல், கடவுச்சீட்டில் ஒற்றைப்பெயர் மட்டும் உடைய பார்வையாளர்களை அனுமதிப்பதில்லை என ஐக்கிய அரபு அமீரகம் அறிவித்தபோது தமிழகத்துக் குடும்பங்கள் பல கலங்கின. இரண்டாம் பக்கத்தில் தந்தை பெயரோ குடும்பப் பெயரோ இருப்பின் ஏற்கப்படும் எனப் பின்னர்த் தெளிவுறுத்தினர். அரபு நாடு ஒன்றே ‘இஸ்ம் மட்டும் போதாது’ என்று கூறிய விந்தையை என்னென்பது! குடும்பப் பெயர்க் கட்டத்தில் தந்தை பெயரை எழுதிக் கொடுத்தவர்களுக்கு வேறோர் இடர்: அங்கே உடன் பணிபுரிவோர் மகனைத் தந்தை பெயரால் கூப்பிடுகின்றனர். மணமான பெண்டிர் நிலை இதனினும் சிக்கலானது. இஸ்லாமிய மரபில் மனைவி தன் தந்தை பெயரை விட்டுக் கணவன் பெயரை ஏற்கவேண்டியதில்லை. தமிழக வழக்கிலோ திருமணத்துடன் முன்னெழுத்து மாறுகிறது. பட்டச் சான்றிதழில் ஓரெழுத்து, குடும்ப அட்டையில் வேறோரெழுத்து என நம் மாணவியர் ஒவ்வோரிடத்தும் உறுதிமொழிப் பத்திரம் கொடுத்துத் தாமே தாம் என மெய்ப்பிக்க வேண்டியுள்ளது. முன்னெழுத்தை மாற்றாமலிருப்பதே மார்க்கத்துக்கும் ஏற்றது, நடைமுறைக்கும் எளிது.

முன்னெழுத்தையும் தமிழிலேயே எழுதவேண்டும் என 2021இல் அரசாணை வந்தது வரவேற்கத்தக்கது. அதனைப் பின்பற்றுங்கால் ‘எம்.’ என்பதை அப்படியே தமிழெழுத்தில் பெயர்த்தெழுதல் போதாது. தந்தை முகமதுவாயின் ‘மு.’, மைதீனாயின் ‘மை.’ என வரவேண்டும். சிலர் தந்தையாரின் முழுப்பெயரை நினைவுகூர்வதே இந்த வேளையில்தான்.

பிறப்புப் பதிவில் விழிப்பு இன்றியமையாதது. பெயரிடாமல் பதிவுசெய்த குழந்தைக்கு ஓராண்டுக்குள் கட்டணமின்றியும், அதன்பின் பதினைந்து ஆண்டுகள் வரை தாமதக் கட்டணத்துடனும் பெயர் சேர்க்கலாம். 2023 அக்டோபர் 1 முதல் நடைமுறைக்கு வந்த திருத்தச் சட்டப்படி, அந்நாளிலும் அதன்பின்னும் பிறந்தோர்க்குப் பள்ளிச் சேர்க்கை முதல் கடவுச்சீட்டு வரை பிறப்புச் சான்றிதழே ஆதாரம். ஏழாம் நாள் அகீகாவில் ஹஸ்ரத் ஓதிச் சூட்டும் பெயரை அன்றே ஒரு தாளில் தமிழிலும் ஆங்கிலத்திலும் எழுதி, தந்தையும் தாயும் ஒத்துக்கொண்ட அவ்வடிவத்தையே எங்கும் தருதல் வேண்டும். ஆங்கில எழுத்துக்கூட்டலில் எது சரி என்று வாதிட்டுக்கொண்டிருத்தல் வீண். தந்தையார் சான்றிதழில் உள்ளதே மகனுக்கும் சரி. மைதீன் என இருபதாண்டு எழுதியவர் திடீரென முஹ்யித்தீன் எனத் தூய்மைப்படுத்த விரும்பின், அரசிதழ் அறிவிப்பில் தொடங்கிப் பல அலுவலகங்களின் வாயில்களை மிதிக்க வேண்டியிருக்கும். தூய்மை வேண்டுமென்போர் குழந்தைக்கு முதற்பெயர் இடும்போதே அதனைக் கருதுக. நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் பொருள் தீயனவான பெயர்களை மாற்றியதுண்டு. ‘மாறு செய்பவள்’ எனப் பொருள்படும் ஆஸியா என்பதை ஜமீலா என மாற்றினார்கள். தமிழ்நாவில் சற்றே வளைந்த ஒலி தீய பொருள் ஆகாது.

இறுதியாக ஒரு செய்தி. உத்தமபாளையத்தில் 1956இல் தோன்றிய கல்லூரி, ஹாஜி கருத்த ராவுத்தர் பெயரைத் தாங்கியது. ஹாஜி அரபு, கருத்த நல்ல தமிழ், ராவுத்தர் வடக்கிருந்து வந்தது. கோட்டாறு தந்த சதாவதானி செய்குத்தம்பிப் பாவலர் பெயரில் அரபுச் செய்கும் தமிழ்த் தம்பியும் பிரிக்க இயலாமற் புணர்ந்துள்ளன. பெண்டிர் பெயர்களில் இக்கலப்பு இன்னும் அழகுடையது. பாத்திமா பாத்துமுத்து ஆனார். சையது செய்யதம்மாள் ஆயிற்று. ஹவ்வா அவ்வாம்மாள் ஆனார். மாரிமுத்துவும் சவரிமுத்துவும் பாத்துமுத்துவும் ஒரே ஊர்க் கிணற்றில் நீர் இறைத்த காலம் ஒன்றிருந்தது. மூவர்க்கும் பொதுவாக நின்ற முத்து பாண்டிநாட்டு முத்து. இன்றைய வகுப்புப் பதிவேடுகளில் ஆஃப்ரீன், ரிஃப்கா, ஜனா என இனிய புதுப்பெயர்கள் நிறைய உள. பாத்துமுத்து என ஒரு பெயரேனும் காண்பது அரிது. அப்பெயர் உடையவர்களை இனிக் காணவேண்டுமாயின் பழைய நிலப் பத்திரங்களைப் புரட்ட வேண்டும். அல்லது வீட்டிலுள்ள முதியோரிடம், அவர்தம் பாட்டியின் பெயர் என்னவென்று இப்போதே கேட்டு எழுதிக்கொள்ள வேண்டும்.